மேடிசன் என்ற பெயர்: மட்டில்டாவின் மகன் எப்படி மகளானான்?

வெண்கொக்கு எழுதியது:

நண்பர்களுக்கு வணக்கம். நான் நியூஜெர்சியில் வசிக்கிறேன். ஊரிலிருந்து வந்து எங்களுடன் ஆறு மாதமாகத் தங்கியிருக்கும் என் தாயார், சென்ற வெள்ளிக்கிழமை என்னைத் தனியே அழைத்து, ஒன்பது வயதுப் பெண்குழந்தை இருக்கும் வீட்டில் ஒரு பையனை இரவு தங்க அனுமதிப்பது சரியா என்று மிகுந்த கவலையோடு கேட்டார். எந்தப் பையன் என்று விசாரித்தபோதுதான், என் மகளின் வகுப்புத் தோழி மேடிசனைப் பற்றிச் சொல்கிறார் என்று புரிந்தது. அந்தச் சிறுமியை அம்மா அதுவரை பார்த்ததில்லை, பெயரை மட்டுமே கேட்டிருந்தார். முருகன், கண்ணன், மேடிசன் என்று அவர் காதில் அது ஒரே வரிசையில் விழுந்திருக்கிறது.

சிரித்துவிட்டு விட்டிருக்கலாம். ஆனால் அன்றிரவு அந்தப் பெயரின் பொருளைத் தேடிப் பார்த்தபோது, அம்மா கேட்டதில் நியாயம் இருக்கிறது என்று தோன்றியது. குழந்தைப் பெயர்களுக்குப் பொருள் சொல்லும் தளங்களில் ஒன்று ‘மத்தேயுவின் மகன்’ என்கிறது, மற்றொன்று ‘கடவுளின் கொடை’ என்கிறது, மூன்றாவது ‘போரில் வலிமை மிக்கவள்’ என்கிறது. ஒரே பெயருக்கு இந்த மூன்றும் எப்படிப் பொருந்தும்? என் அலுவலகத் தோழி ஒருவரோ, இவை எல்லாம் வீண், அது ஒரு கடற்கன்னிப் படத்திலிருந்து வந்த பெயர் என்று முடித்துவிட்டார். விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

பழஞ்சுவடி எழுதியது:

உங்கள் தாயாரின் காது தவறு செய்யவில்லை, ஐயா. மேடிசன் என்பதன் பின்பாதி, மகன் என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லேதான். ஜான்சன், வில்சன், ராபின்சன் ஆகியவற்றில் வருகிற அதே ‘சன்’. ஆகவே, வேரைப் பார்த்தால் இது ஒருவரின் சொந்தப் பெயரே அன்று. இன்னாருடைய மகன் என்று அடையாளம் காட்டும் குடும்பப் பெயர்.

சிக்கல் முன்பாதியில் இருக்கிறது. அந்த இன்னார் யார்? ஆங்கிலக் குடும்பப் பெயர்களை ஆராய்ந்தவர்கள் பெரும்பாலும் சொல்வது, ‘மேடி’ என்பது மோட் என்ற பெண்பெயரின் செல்லச் சுருக்கம் என்பதாகும். மோட் என்பதோ மட்டில்டா என்ற பெயரின் பேச்சு வடிவம். பழைய ஜெர்மானிய மொழியில் வலிமையைக் குறித்த ஒரு சொல்லும் போரைக் குறித்த ஒரு சொல்லும் சேர்ந்து மட்டில்டா ஆனது. நீங்கள் பார்த்த மூன்றாவது தளம், நடுவில் இருக்கும் அத்தனை படிகளையும் மறைத்துவிட்டு, பாட்டியின் பாட்டிக்குரிய பொருளை எடுத்துப் பேத்தியின் தலையில் சூட்டியிருக்கிறது.

மட்டில்டா எப்படி மோட் ஆகும் என்று கேட்கத் தோன்றும். நார்மானியப் பிரெஞ்சு பேசியவர்களின் வாயில் நடுவிலிருந்த மெய்கள் தேய்ந்து அந்தப் பெயர் ‘மஹோ’, ‘மோட்’ என்றெல்லாம் ஒலித்தது. லத்தீனில் ஆவணம் எழுதிய எழுத்தர்கள் மட்டும் மட்டில்டா என்ற முழு வடிவத்தைக் காப்பாற்றினார்கள். ஏட்டில் மட்டில்டா, வீட்டில் மோட். 1066-இல் இங்கிலாந்தைக் கைப்பற்றிய வில்லியத்தின் மனைவி பெயர் மட்டில்டா. அவர்களுடைய மகன் முதலாம் ஹென்றி மணந்த ஸ்காட்லாந்து இளவரசி, ஈடித் என்ற பெயரை விட்டுவிட்டு மட்டில்டா என்று அழைக்கப்பட்டார். அவர்களுடைய மகளும் மட்டில்டா. அந்த மகளோடு அரியணைக்காகப் போரிட்ட ஸ்டீபனின் மனைவியும் மட்டில்டா. அரண்மனையில் இத்தனை மட்டில்டாக்கள் இருந்தால், குடியானவர் வீடுகளில் எத்தனை மோட்களும் மேடிகளும் இருந்திருப்பார்கள் என்பதை ஊகித்துக்கொள்ளலாம்.

மற்றொரு வழி மத்தேயுவைச் சுட்டுகிறது. மத்தேயு என்ற எபிரேயப் பெயரின் பொருள் கடவுளின் கொடை என்பது உண்மைதான். மத்தேயுவின் மகன் என்ற பொருளில் மேத்தீசன், மேட்சன் முதலிய குடும்பப் பெயர்கள் இருக்கின்றன. ஆங்காங்கே அவற்றின் நடுமெய் மெலிந்து மேடிசன் ஆகியிருக்கவும் கூடும். ஆனாலும் வடிவ ஒற்றுமையை மட்டும் வைத்து முடிவுகட்டக் கூடாது. ஸ்காட்லாந்தில் மேத்தீசன் என்று எழுதிக்கொள்ளும் குடும்பங்களில் பலருக்கு, ‘கரடியின் மகன்’ என்று பொருள்படும் கேலிக் மொழிப் பெயர்தான் மூலம். அதை ஆங்கிலப்படுத்தியபோது ஒலி ஒத்திருந்ததால் மத்தேயுவோடு கலந்துவிட்டது.

என் சாய்வு மோட் பக்கமே. எப்படியும், ‘மத்தேயுவின் மகன்’ என்பதிலிருந்து மகனைக் கழித்துவிட்டுக் ‘கடவுளின் கொடை’ என்று மட்டும் சொல்வது, பெற்றோருக்கு இனிப்பானதைக் கொடுத்து அனுப்பும் வணிகத் தந்திரம்.

செம்போத்து எழுதியது:

பழஞ்சுவடி அவர்களின் விளக்கம் நிறைவாக இருக்கிறது. நான் வெண்கொக்கின் தாயார் சார்பாக ஒரு வார்த்தை பேசிவிட்டுப் போகிறேன். ‘னஃகான் ஒற்றே ஆடூஉ அறிசொல்’, ‘ளஃகான் ஒற்றே மகடூஉ அறிசொல்’ என்கிறது தொல்காப்பியம். சொல்லின் இறுதியில் னகர மெய் நின்றால் ஆண், ளகர மெய் நின்றால் பெண். தொல்காப்பியத்தை ஓதாதவர்கள் வாயிலும் வந்தான், வந்தாள் என்று அந்த இலக்கணம் நாள்தோறும் நடக்கிறது. அந்த அம்மையாருக்கு மேடிசன் ‘வந்தாள்’ என்று சொல்ல நாக்கு எழாது, இயல்புதானே.

இன்னொரு பொருத்தமும் உண்டு. கோமகன் கோமான் ஆனதும், பெருமகன் பெருமான் ஆனதும் நாம் அறிந்தவை. ‘மகன்’ என்ற சொல் பெயரோடு ஒட்டித் தேய்ந்து, பிறகு அதில் ஒரு மகன் இருக்கிறான் என்பதே மறந்துபோகும் அளவுக்கு இறுகிவிட்டது. ‘சன்’ என்பதும் அப்படித்தான் இறுகியிருக்கிறது. ஆனால் நாம் எந்தப் பெண்குழந்தைக்கும் கோமான் என்று பெயரிட்டதில்லை. அந்த எல்லையை ஆங்கிலேயர்களும் அமெரிக்கர்களும் எப்படித் தாண்டினார்கள் என்பதுதான் எனக்கு வியப்பு.

முகிலிடை எழுதியது:

எனக்கு வேறொரு ஐயம். ஆணாதிக்கம் நிறைந்த இடைக்கால இங்கிலாந்தில், ஒருவனைத் தாயின் பெயரால் ‘மோடின் மகன்’ என்று ஊர் அழைத்ததென்றால், தகப்பன் யாரென்று தெரியாதவன் என்ற இழிவுதானே அதில் இருந்திருக்கும்? அப்படிப்பட்ட பெயரைப் பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாகச் சுமந்திருப்பார்களா? மத்தேயுவே பொருத்தமாகத் தோன்றுகிறது.

பழஞ்சுவடி எழுதியது:

இந்த ஐயம் பலருக்கும் எழுவதுதான், முகிலிடை. ஆனால் தாய்வழிப் பெயர்கள் ஆங்கிலத்தில் அரியவை அல்ல. மெக் என்ற பெண்ணின் மகன் மெக்சன். பியட்ரிஸின் மகன் பீட்சன். மட்டில்டாவின் இன்னொரு செல்லப் பெயரான டில்லட் என்பதிலிருந்து டில்லட்சன். ஒரே மட்டில்டா, ஒரு பக்கம் மேடிசனையும் மறு பக்கம் டில்லட்சனையும் பெற்றிருக்கிறாள். இவை அனைத்தும் இழிவைச் சுமந்த பெயர்கள் என்று சொல்வதற்கில்லை. கணவன் இறந்தபின் நிலத்தையும் வீட்டையும் கட்டியாண்ட கைம்பெண்ணின் பிள்ளைகளை ஊரார் அவள் பெயரால் அறிவது இயல்பு. தந்தையைவிடத் தாய்க்குச் சொத்தோ பெயரோ அதிகம் என்றாலும் அப்படியே.

மிக உயர்ந்த எடுத்துக்காட்டை அரச குலத்திலேயே காணலாம். முன்பு நான் சொன்ன, முதலாம் ஹென்றியின் மகளான மட்டில்டா, ஜெர்மானியப் பேரரசர் ஐந்தாம் ஹென்றியை மணந்ததால் பேரரசி என்று அழைக்கப்பட்டார். 1142-ஆம் ஆண்டு டிசம்பரில், ஆக்ஸ்போர்டு கோட்டையில் ஸ்டீபனின் படைகள் முற்றுகையிட்டிருந்தபோது, உறைபனியின் ஊடே நடந்து தப்பியவர் இவர்தான். இவருடைய மகன் இரண்டாம் ஹென்றி 1154-இல் அரசனானான். அவனுக்கு வழங்கிய பெயர் ஹென்றி ஃபிட்ஸ்எம்ப்ரஸ், அதாவது பேரரசியின் மகன் ஹென்றி. அவனுடைய தந்தை ஆஞ்சூ நாட்டுத் தலைவர். யாரென்று தெரியாதவர் அல்லர். ஆனாலும் அரியணைக்கான உரிமை தாய்வழியே வந்ததால், தாயின் பட்டமே மகனுக்குப் பெயராயிற்று. நார்மானிய வழக்கிலிருந்து சாதாரண ஆங்கிலத்துக்கு அந்தப் பெயரை இறக்கினால், இங்கிலாந்தின் மன்னனே ஒரு மேடிசன்தான்!

இதில் ஒரு கசப்பும் உண்டு. 1167-இல் மறைந்த அந்தப் பேரரசியின் கல்லறையில், ‘பிறப்பால் பெரியவள், மணத்தால் அதனினும் பெரியவள், பெற்ற பிள்ளையால் எல்லாவற்றிலும் பெரியவள்’ என்ற கருத்தில் ஒரு வாசகம் பொறிக்கப்பட்டது. ஹென்றியின் மகளும், ஹென்றியின் மனைவியும், ஹென்றியின் தாயும் இங்கே உறங்குகிறாள் என்று அது முடிகிறது. மகனுக்குத் தன் அடையாளத்தைக் கொடுத்தவள், தன் கல்லறையில் மூன்று ஹென்றிகளின் உறவாகவே நிற்கிறாள்.

செம்போத்து எழுதியது:

நம் பக்கத்துத் தக்காணத்திலும் இது உண்டு. சாதவாகன அரசர்கள் கௌதமிபுத்திர சாதகர்ணி என்றும் வாசிட்டிபுத்திர புலுமாவி என்றும் தாயை முன்னிட்டே கல்வெட்டிலும் காசிலும் பெயர் பொறித்துக்கொண்டார்கள். சங்கத் தமிழிலோ இதற்கு நேர் எதிரான ஒரு வழக்கு இருந்தது. பிள்ளையின் பெயரால் தந்தையை அழைப்பது. ஆதன் தந்தை என்பது ஆந்தை என்றும், பூதன் தந்தை என்பது பூந்தை என்றும் புணரும் எனத் தொல்காப்பியம் விதி சொல்கிறது. பிசிராந்தையார் என்ற புலவர் பெயரில் இருப்பது இந்த ஆந்தைதான், பறவை அன்று. உறவை ஒட்டிப் பெயர் உண்டாவதும், ஒட்டிய உறவு பிறகு மறந்துபோவதும் மொழிதோறும் நடப்பவை. திரியை வேறு பக்கம் இழுத்துவிட்டேன், மன்னிக்கவும். கடற்கன்னிக்கு வாருங்கள்.

நாற்சந்தி எழுதியது:

கடற்கன்னிக் கதையை நான் சொல்கிறேன். அது உண்மைதான். ஆனால் கடற்கன்னிக்கு முன்னால் ஒரு தெருவும், தெருவுக்கு முன்னால் ஒரு குடியரசுத் தலைவரும் இருக்கிறார்கள்.

ஜேம்ஸ் மேடிசன் 1751-இல் வர்ஜீனியாவில் பிறந்தவர். அமெரிக்க அரசமைப்புச் சட்டத்தின் தந்தை என்று போற்றப்படுபவர். 1809 முதல் 1817 வரை அந்நாட்டின் நான்காம் குடியரசுத் தலைவராக இருந்தார். அவருக்குச் சொந்தப் பிள்ளைகள் கிடையாது. மனைவி டாலியின் முதல் மணத்தில் பிறந்த மகன் ஒருவன் மட்டுமே. மகன் என்ற சொல்லைப் பெயரிலேயே தாங்கியவருக்கு மகன் பிறக்கவில்லை. பிற்காலத்தில் அவர் பெயரைத் தாங்கியவர்களில் பெரும்பாலோர் பெண்பிள்ளைகள்.

அவர் 1836-இல் மறைந்தார். விஸ்கான்சினின் தலைநகருக்கு அந்த ஆண்டே அவர் பெயர் வைக்கப்பட்டது. நியூயார்க்கின் மேடிசன் அவென்யூவும் அந்த ஆண்டில் திறக்கப்பட்டதுதான். மன்ஹாட்டன் தீவைக் கட்டம் கட்டமாகப் பிரித்த 1811-ஆம் ஆண்டுத் திட்டத்தில் அப்படி ஒரு சாலையே இல்லை. நான்காம் அவென்யூவுக்கும் ஐந்தாம் அவென்யூவுக்கும் இடைவெளி அகலமாக இருந்ததால், நடுவில் ஒரு சாலை விழுந்தால் மனைகளுக்கு விலை ஏறும் என்று கணக்கிட்ட சாமுவேல் ரகிள்ஸ் என்ற வழக்கறிஞரின் முயற்சியால் அது உண்டானது. பின்னாளில் விளம்பர நிறுவனங்கள் குவிந்து, விளம்பரத் தொழிலுக்கே மேடிசன் அவென்யூ என்பது மறுபெயர் ஆயிற்று.

இப்போது படம். 1984-ஆம் ஆண்டு மார்ச் மாதம் ‘ஸ்ப்ளாஷ்’ வெளியானது. ரான் ஹோவர்ட் இயக்கியது. கரையேறி நியூயார்க்குக்கு வந்துவிட்ட கடற்கன்னியாக டேரில் ஹானாவும், அவள்மேல் காதல்கொண்டவனாக டாம் ஹாங்க்ஸும் நடித்தார்கள். அவளுடைய உண்மையான பெயரை அவள் தன் மொழியில் உச்சரித்தால், கடையில் அடுக்கியிருக்கும் தொலைக்காட்சித் திரைகள் உடைந்து சிதறும். ஆகவே ஆங்கிலத்தில் ஒரு பெயர் வேண்டும். தெருவில் நடந்துகொண்டே அவன் வழக்கமான பெண்பெயர்களை அடுக்குகிறான். நடுவில், இப்போது எங்கே இருக்கிறோம் என்று பார்த்துவிட்டு மேடிசன் என்கிறான். அவள் அந்தப் பெயர் பிடித்திருக்கிறது என்கிறாள். அது ஒரு பெயரே இல்லை என்று சொல்ல வாயெடுத்தவன், அவள் முகத்தைப் பார்த்து ஒப்புக்கொள்கிறான். நல்லவேளையாக நூற்று நாற்பத்தொன்பதாம் தெருவில் நிற்கவில்லை என்று தேற்றிக்கொள்கிறான்.

1984-இல் திரையரங்கம் இதற்குச் சிரித்தது. நம் ஊரில் ஒருத்தி, எனக்குப் பெயர் மவுண்ட் ரோடு என்று சொன்னால் எப்படியோ அப்படி. இன்று அந்தக் காட்சியைப் பதினைந்து வயதுப் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டினால், இதில் என்ன வேடிக்கை, என் வகுப்பிலேயே மேடிசன்கள் இருக்கிறார்களே என்கிறார்கள். தான் பலித்துப்போனதால் செத்துப்போன நகைச்சுவை இது ஒன்றுதான் எனக்குத் தெரிந்து.

கரிசல்மண் எழுதியது:

நாற்சந்தி, நீங்கள் தலைவரிலிருந்து நேரே தெருவுக்குத் தாவிவிட்டீர்கள். நடுவில் விட்டுப்போன ஒருவர் எனக்கு முக்கியமானவர்.

அமெரிக்காவில் மேடிசன் முதற்பெயராகவும் வழங்கியது, ஆண்களுக்கு. தலைவர்களின் குடும்பப் பெயரை எடுத்து ஜெஃபர்சன், லிங்கன், வாஷிங்டன் என்று ஆண்பிள்ளைகளுக்குச் சூட்டுவது அங்கே பழைய வழக்கம். அப்படி வைக்கப்பட்ட மேடிசன்களில் ஒருவர் மேடிசன் ஹெமிங்ஸ். 1805-ஆம் ஆண்டு ஜனவரியில், தாமஸ் ஜெஃபர்சனின் மான்டிசெல்லோ பண்ணையில், சாலி ஹெமிங்ஸ் என்ற அடிமைப் பெண்ணுக்குப் பிறந்தவர். அவருடைய தந்தை ஜெஃபர்சனே என்பதை இன்று வரலாற்றாசிரியர்களில் பெரும்பாலோர் ஏற்கிறார்கள்.

1873-இல் ஓஹாயோ மாநிலத்துச் செய்தித்தாள் ஒன்று அவருடைய வாழ்க்கை நினைவுகளை வெளியிட்டது. தன் பெயர் எப்படி வந்தது என்பதை அதில் அவரே சொல்கிறார். அவர் பிறந்த நேரத்தில் மான்டிசெல்லோவுக்கு வந்திருந்த டாலி மேடிசன், குழந்தைக்குப் பெயரிடும் உரிமையைத் தனக்குத் தருமாறு கேட்டிருக்கிறார். அதற்கு ஈடாகத் தாய்க்கு நல்ல பரிசு ஒன்று தருவதாகவும் சொல்லியிருக்கிறார். தாய் இசைந்தாள். பெயர் வைத்தாயிற்று. அடிமைகளுக்கு வெள்ளையர் கொடுத்த மற்ற பல வாக்குறுதிகளைப் போலவே, அந்தப் பரிசும் என் தாய்க்கு வந்துசேரவில்லை என்று அறுபத்தெட்டு வயதில் அவர் பதிவுசெய்கிறார்.

தந்தையின் பெயரைச் சூடிக்கொள்ள முடியாத ஒருவர், தந்தையின் நண்பருடைய பெயரைக் கடைசிவரை தாங்கினார். அந்தப் பெயரின் உட்பொருளோ, பழஞ்சுவடி சொன்னபடி பார்த்தால், ஒரு தாயின் மகன் என்பது. தற்செயல்தான், அறிவேன். ஆனாலும், சொற்பிறப்பு அகராதி தராத ஒரு பொருளை அந்த மனிதரின் வாழ்க்கை அந்தப் பெயருக்குத் தந்திருக்கிறது. மேடிசனின் பொருள் ‘கடவுளின் கொடை’ என்று பூப்போட்ட எழுத்தில் அச்சிட்டு விற்கும்போது, வராமற்போன அந்தக் கொடை எனக்கு நினைவுக்கு வருகிறது.

முகிலிடை எழுதியது:

கரிசல்மண் எழுதியதைப் படித்துவிட்டுச் சற்று நேரம் ஒன்றும் எழுதத் தோன்றவில்லை. நன்றி. இரண்டாம் ஹென்றியைக் காட்டியபின் மோட் பற்றிய என் ஐயத்தையும் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன்.

இருந்தாலும் கடற்கன்னியை நம்ப எனக்கு இன்னும் தயக்கம் உண்டு. ஒரே ஒரு படம், ஒரே ஒரு காட்சி, அதிலும் கேலிக்காக வைத்த ஒரு பெயர், ஒரு நாட்டின் பெயரிடும் வழக்கத்தையே மாற்றிவிடுமா?

எண்கணக்கு எழுதியது:

அமெரிக்கச் சமூகப் பாதுகாப்பு நிர்வாகம், 1880 முதல் பிறந்த குழந்தைகளின் பெயர்ப் பட்டியலை ஆண்டுவாரியாக வெளியிட்டிருக்கிறது. இந்தக் கேள்விக்கு அதைவிட நல்ல சான்று கிடைக்காது.

பெண்குழந்தைப் பெயர்களின் முதல் ஆயிரத்துக்குள் மேடிசன் முதன்முதலாக நுழைந்தது 1985-இல், அதாவது படம் வெளியான மறு ஆண்டு. அதற்கு முந்தைய நூறு ஆண்டுகளில் அந்தப் பெயர் பெண்கள் பட்டியலின் முதல் ஆயிரத்தில் இடம்பெற்றதே இல்லை. ஆகவே விதை எங்கிருந்து வந்தது என்பதில் எனக்கு ஐயமில்லை.

ஆனால் முகிலிடையின் தயக்கத்திலும் பாதி உண்மை இருக்கிறது. மேடிசன் முதல் பத்துக்குள் வந்தது 1997-இல்தான். பன்னிரண்டு ஆண்டுகள் ஆகியிருக்கின்றன. 2001-இலும் 2002-இலும் அது இரண்டாம் இடத்தில் இருந்தது. எமிலி மட்டுமே முன்னால். 2001-இல் மட்டும் இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்குழந்தைகளுக்கு அந்தப் பெயர் சூட்டப்பட்டது. 2014-இல் ஒன்பதாம் இடம், அடுத்த ஆண்டு முதல் பத்திலிருந்து வெளியேற்றம். படத்தின் கவர்ச்சி மட்டுமே காரணம் என்றால் ஏற்றம் உடனே நிகழ்ந்து உடனே வடிந்திருக்கும். இந்தப் பெயரோ, படத்தை நினைத்தே பார்க்காதவர்களின் வீடுகளிலும் வளர்ந்திருக்கிறது.

என் கருத்தில், விதையைப் படம் போட்டது, நிலம் முன்பே உழப்பட்டிருந்தது. அந்த நிலத்தில் மூன்று விஷயங்களைப் பார்க்கிறேன். ஒன்று, குடும்பப் பெயரை முதற்பெயராக்கும் வழக்கம். பெண்பெயர்களில் 1991-இலும் 1992-இலும் முதலிடத்தில் இருந்தது ஆஷ்லி. ஆஷ் மரங்கள் சூழ்ந்த வெளி என்று பொருள்படும் ஊர்ப்பெயர் அது. ஊர்ப்பெயர் குடும்பப் பெயராகி, குடும்பப் பெயர் ஆண்பெயராகி, ஆண்பெயர் பெண்பெயரானது. மேடிசன் அந்த வண்டித்தடத்திலேயே வந்திருக்கிறது. இரண்டு, ஒலி. மேடலின் என்ற பெயரும் அதன் மேடி என்ற செல்லச் சுருக்கமும் ஏற்கெனவே வழக்கில் இருந்தன. ‘சன்’ என்று முடியும் பெண்பெயரும் காதுக்குப் பழகியிருந்தது, அலிசன். மூன்றாவதைத்தான் நான் முக்கியமாகக் கருதுகிறேன். தலைமுறை. 1970 முதல் 1984 வரை பதினைந்து ஆண்டுகள் தொடர்ந்து முதலிடத்தில் இருந்த பெயர் ஜெனிஃபர். வகுப்புக்கு மூன்று நான்கு ஜெனிஃபர்களோடு வளர்ந்த பெண்கள், தாயானபோது தம் மகளுக்கு யாரிடமும் இல்லாத பெயரைத் தேடினார்கள். எல்லோரும் ஒரே நேரத்தில் தேடியதால் எல்லோருக்கும் ஒரே பெயர் அகப்பட்டது.

பழஞ்சுவடி எழுதியது:

எண்கணக்கு சொன்ன அலிசனைப் பற்றி ஒரு குறிப்பு. அலிசனில் மகன் இல்லை. அலிஸ் என்ற பெண்பெயரோடு பிரெஞ்சுச் சிறுமைப்பொருள் விகுதி சேர்ந்து, சின்ன அலிஸ் என்ற பொருளில் உண்டானது அது. 14-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலக் கவிஞர் சாசரின் கதைகளிலேயே அலிசன் என்ற பெண்கள் வருகிறார்கள். அசல் பெண்பெயரான அலிசனை முன்மாதிரியாகக் கொண்டு, மகனையே குறித்த பெயர்களான மேடிசனும் அடிசனும் எமர்சனும் பெண்கள் பக்கம் வந்து உட்கார்ந்துவிட்டன. காதுக்கு இலக்கணம் தெரியாது.

குடும்பப் பெயரை முதற்பெயராக்குவதும் நேற்றைய அமெரிக்க வழக்கமன்று. 1554-இல், சில நாள் மட்டும் இங்கிலாந்தின் அரசியாக இருந்த மனைவி ஜேன் கிரேயோடு மரண தண்டனைக்கு உள்ளான கில்ஃபோர்ட் டட்லியை நினைவிருக்கிறதா? கில்ஃபோர்ட் என்பது அவன் தாயின் பிறந்தவீட்டுக் குடும்பப் பெயர். பிறந்தவீட்டுப் பெயர் மணத்தோடு அழிந்துவிடாமல் இருக்க, தாய்மார்கள் அதைப் பிள்ளையின் முதற்பெயராக வைத்துக் காப்பாற்றினார்கள். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் இது இன்றும் உயிரோடு இருக்கிறது, பெண்பிள்ளைகளுக்கும் அப்படி வைப்பதுண்டு.

முகிலிடை எழுதியது:

சரி, கடைசியாக வெண்கொக்கு கேட்டதற்கே வருவோம். ‘மேடிசன் என்றால் என்ன பொருள்?’ என்று அந்தச் சிறுமியே கேட்டால் என்ன சொல்வீர்கள்? மோடின் மகன் என்றா?

செம்போத்து எழுதியது:

அந்தச் சிறுமிக்கு அவள் பெயரில் பொருள் இல்லை, வரலாறு இருக்கிறது என்று சொல்வேன். நம் இலக்கணிகள் பெயர்களைக் காரணப்பெயர் என்றும் இடுகுறிப்பெயர் என்றும் பிரித்தார்கள். வடக்கு இங்கிலாந்தின் ஏதோ ஓர் ஊரில், மோடின் மகனை அப்படி அழைத்த முதல் மனிதனின் வாயில் மேடிசன் காரணப்பெயர். அவன் பேரனுக்கு வந்தபோதே அது பொய்யாகிவிட்டது, ஏனென்றால் பேரன் மோடின் மகனல்லன். அங்கிருந்து தலைவர், தெரு, கடற்கன்னி, உங்கள் மகளின் தோழி வரை வந்ததெல்லாம் இடுகுறியே. பெயர்ப்பொருள் தளங்கள் செய்யும் பிழை ஒன்றுதான், இடுகுறியைக் காரணம்போல் காட்டுவது.

முகிலிடை எழுதியது:

‘எல்லாச் சொல்லும் பொருள் குறித்தனவே’ என்றும் தொல்காப்பியர்தானே சொல்கிறார்?

செம்போத்து எழுதியது:

‘மொழிப்பொருட் காரணம் விழிப்பத் தோன்றா’ என்றும் அவரே சொல்கிறார். பொருள் இருக்கிறது, ஆனால் அதற்கான காரணம் பார்த்த உடனே விளங்காது. மேடிசன் இன்று குறிப்பது அந்தச் சிறுமியை. அது பொருள்தான். அவள் ஏன் மேடிசன் என்பதற்குக் காரணம் கேட்டால், அவளைப் பெற்றவர்களைத்தான் கேட்க வேண்டும்.

அந்தக் காரணத்தை வேண்டுமென்றே அழிப்பவர்களும் உண்டு. மகன் என்ற சொல் கண்ணில் படாமலிருக்க, ‘சன்’ என்பதில் ‘ஓ’ வரும் இடத்தில் ‘ஒய்’ போட்டு எழுதுகிறார்கள். ஒலி அப்படியே இருக்கும், கண்ணுக்கு மட்டும் மகன் மறைந்துவிடுவான். தொல்காப்பியர் பார்த்திருந்தால் னகரத்தை விட்டுவிட்டு அங்கே ஏன் கை வைத்தீர்கள் என்று கேட்டிருப்பார்.

வெண்கொக்கு எழுதியது:

இத்தனை விரிவான விளக்கங்களை எதிர்பார்க்கவில்லை. அனைவருக்கும் நன்றி. செம்போத்து சொன்னபடியே பெற்றவர்களைக் கேட்டேன். அந்தப் பெண்ணின் தாய்க்குக் கடற்கன்னிப் படமும் தெரியவில்லை, குடியரசுத் தலைவரும் நினைவில் இல்லை. கருவுற்றிருந்தபோது மருத்துவமனைக் காத்திருப்பறையில் யாரோ ஒருவர் தம் மகளை அப்படி அழைத்தது காதுக்கு இனிமையாக இருந்ததாம், அவ்வளவுதான்.

கரிசல்மண் சொன்ன ஹெமிங்ஸைப் பற்றி நானும் ஓர் இரவு முழுவதும் படித்தேன். அது தனியாக ஒரு திரிக்கு உரியது, தொடங்குங்கள்.

அம்மாவுக்கு, மேடிசன் பெண்தான் என்பது நேரில் பார்த்தபின் தெளிந்துவிட்டது. ஆனாலும் ‘மேடிசன் வந்தாளா’ என்று கேட்க அவருக்கு வாய் வரவில்லை, இரண்டு முறை ‘வந்தானா’ என்றே கேட்டுவிட்டார். மூன்றாம் நாள் அவராகவே பின்பாதியை வெட்டிவிட்டு, ‘மேடி சாப்பிட்டாளா, மேடி தூங்கிட்டாளா’ என்று ஆரம்பித்துவிட்டார். அந்தப் பெண்ணும் அதற்குத் திரும்பிப் பார்க்கிறாள், அவள் வீட்டிலும் அப்படித்தான் கூப்பிடுகிறார்களாம்.

பழஞ்சுவடி எழுதியது:

உங்கள் தாயார் ‘சன்’ என்பதை வெட்டி மோட்டையே மீட்டுக்கொண்டு வந்துவிட்டார், ஐயா. எண்ணூறு ஆண்டுகளுக்கு முன் அந்த மகனைப் பெற்றவளையும் அவள் வீட்டார் ‘மேடி’ என்றுதான் கூப்பிட்டிருப்பார்கள்.